கமிஷனருக்குப் போட்ட பாதை

திண்டுக்கல் கோர்ட்டில் பத்து இருபது பேர் பார்க்க ஒரு பெண்மணி என் மானத்தை வாங்கினார். அவரைப் பற்றித்தான் எழுதப்போகிறேன். திட்டுவதற்காக அல்ல. திட்ட வேண்டியதையெல்லாம் அந்த வருடமே வீட்டில் பாத்திரங்களை உருட்டித் திட்டித் தீர்த்துவிட்டேன். இத்தனை வருட வக்கீல் தொழிலில் நான் பார்த்த மனிதர்களில் அவரளவுக்கு எனக்கு மரியாதை வந்த ஆள் வேறு இல்லை. ஆனால் அந்த மரியாதை வர ஒரு வருடத்துக்கு மேல் பிடித்தது. எனக்கு எல்லாமே கொஞ்சம் தாமதமாகத்தான் ஏறும்.

தொண்ணூறுகளின் நடுவில் நான் வக்கீலாகி இரண்டு வருடம் ஆகியிருந்தது. வேடசந்தூர்ப் பக்கம் ஒரு நூல் மில்லில் அப்பா மேஸ்திரி. வீட்டில் முதல் வக்கீல் நான்தான். வக்கீல் என்று சொல்லிக்கொண்டாலும் அந்த இரண்டு வருடமும் நான் செய்தது சீனியரின் கட்டுகளைச் சுமப்பதும், அவர் வராத நாளில் எழுந்து நின்று வாய்தா கேட்பதும்தான். கறுப்பு கோட்டுக்கு வேலையே இல்லாமல் வியர்வை மட்டும் ஊறிக்கொண்டிருந்தது. மூக்கு நுனியில் கோபம் வேறு. உலகத்தில் நடக்கிற அநியாயத்தையெல்லாம் அடுத்த வாய்தாவுக்குள் தீர்த்துவிட வேண்டும் என்று ஒரு துடிப்பு.

அப்படியிருந்தபோது ஒரு நாள் முன்சீப் ஐயா, அதாவது எங்கள் சிவில் கோர்ட் நீதிபதி, என்னைக் கூப்பிட்டு, ஒரு வழக்கில் கமிஷனராக நியமித்திருப்பதாகச் சொன்னார். கமிஷனர் என்றதும் போலீஸ் கமிஷனரை நினைத்துவிட வேண்டாம். நிலத்தகராறு வழக்குகளில் நீதிபதி நேரில் போய்ப் பார்க்க முடியாது. அதனால் ஒரு வக்கீலை அனுப்பி, "அங்கே என்ன இருக்கிறது என்று பார்த்து எழுதிக் கொண்டு வா" என்பார். இரு தரப்பையும் வைத்துக்கொண்டு பார்க்க வேண்டும். கண்ணால் கண்டதை மட்டும் எழுத வேண்டும். யார் பக்கமும் சாயக் கூடாது. கோர்ட்டின் கண் என்று பெரிதாகச் சொல்வார்கள். எனக்கு அதுதான் முதல் கமிஷன். வீட்டில் அம்மா கோயிலுக்கே போய்விட்டு வந்தார்.

வழக்கு இதுதான். சாணார்பட்டிக்குக் கிழக்கே ஒரு சிற்றூர். அங்கே ஒரு பாறைக்குன்று, அரசாங்கப் புறம்போக்கு. அதை உடைக்க ஒரு குவாரிக்காரருக்கு உரிமம் கொடுத்திருந்தார்கள். குன்றின் அடியில் கிணற்றுப் பாசனத்தில் மூன்று ஏக்கர் நிலம். அதன் சொந்தக்காரர் ஐம்பது வயதுப் பெண்மணி. சின்ன வெங்காயமும் மிளகாயும் மாற்றி மாற்றிப் போடுவார். புருஷன் இருந்தார். ஆனால் கோர்ட் என்று சொன்னாலே அவர் தோட்டத்துப் பக்கம் நழுவிவிடுவார் என்பதால் வழக்கு இந்த அம்மாள் பேரில்தான் இருந்தது. குவாரியில் தினமும் மதியத்துக்கு மேல் விசில் ஊதி வெடி வைப்பார்கள். வெடித்ததும் கற்கள் பறந்து வந்து வெங்காயப் பாத்திகளில் விழும். விசில் கேட்டதும் களை எடுக்கிற பெண்கள் எல்லாரும் எழுந்து ஓடி மோட்டார் ரூமுக்குப் பின்னால் ஒண்டிக்கொள்வார்களாம். ஒரு தடவை ஒருத்தி தோளில் அடிபட்ட பிறகு கூலிக்கு ஆள் வருவது நின்றுபோனது. "ஒங்க வெங்காயத்துக்கு எங்க மண்டையா கெடச்சுச்சு?" என்று கேட்டுவிட்டார்கள்.

அதைவிடப் பெரிய கூத்து காகிதத்தில் இருந்தது. பயிர் செய்கிற நிலத்துக்கும் கிணற்றுக்கும் இத்தனை தூரத்துக்குள் வெடி வைக்கக் கூடாது என்று உரிமத்திலேயே நிபந்தனை உண்டு. ஆனால் எந்த நிலத்தில் என்ன பயிர் என்று வருடா வருடம் எழுதி வைக்கிற அடங்கலில் இந்த மூன்று ஏக்கரும் 'தரிசு' என்று இருந்தது. எந்தக் காலத்திலோ யாரோ நாற்காலியை விட்டு எழுந்திருக்காமல் எழுதியது. அடுத்தடுத்து வந்தவர்கள் அதைப் பார்த்துப் பார்த்து எழுதியிருக்கிறார்கள். தரிசு நிலத்தில் கல் விழுந்தால் யாருக்கு என்ன நஷ்டம் என்பதுதான் குவாரித் தரப்பின் வாதம். ஆள் வராமல் இன்னும் இரண்டு வருடம் போனால் நிலம் நிஜமாகவே தரிசாகிவிடும். பொய்யாக எழுதியது தானாக மெய்யாகிவிடும். அந்த அம்மாள் பயந்தது அதற்குத்தான்.

நான் பார்க்க வேண்டியவை மூன்று. நிலத்தில் பயிர் இருக்கிறதா, குவாரியிலிருந்து வந்த கற்கள் நிலத்தில் கிடக்கின்றனவா, கிணற்றுக்கும் வெடி வைக்கிற இடத்துக்கும் எவ்வளவு தூரம். நோட்டீஸ் அனுப்பினேன். ஒரு காலை நேரத்தில் அம்பாசடர் டாக்சியில் கிளம்பினோம். இரண்டு தரப்பு வக்கீல்களும் பின் சீட்டில். நடுவில் சர்வேயரும் அவருடைய அளவுச் சங்கிலியும். நான் கமிஷனர் என்பதால் முன் சீட். கோர்ட்டில் கீரியும் பாம்புமாக நிற்கிற அந்த இரண்டு வக்கீல்களும் வழி முழுக்கப் பிள்ளைகளின் காலேஜ் அட்மிஷன் பற்றி ஒரே பேச்சு. எனக்கு அது பிடிக்கவில்லை. எனக்கு அப்போது எதுதான் பிடித்தது.

தார் ரோட்டிலிருந்து பிரிந்ததும் மண்பாதை வந்தது. மழை பெய்து வண்டித்தடம் முழங்கால் ஆழத்துக்கு இருக்கும், கடைசி ஒரு பர்லாங் நடக்க வேண்டியிருக்கும் என்று வாதித் தரப்பு வக்கீல், அதாவது அந்த அம்மாளின் வக்கீல், முன்பே எச்சரித்திருந்தார். அதற்காக நான் பழைய செருப்பைப் போட்டுக்கொண்டு வந்திருந்தேன். ஆனால் கார் நிற்காமல் போய்க்கொண்டே இருந்தது. பள்ளங்களையெல்லாம் கருங்கல் போட்டு நிரப்பி, மேலே செம்மண் தூவி, தண்ணீர் தெளித்து இடித்திருந்தார்கள். நகராட்சி ரோடு தோற்றது. டிரைவர்கூட, "பரவாயில்லையே, நல்லா வச்சிருக்காங்களே" என்றார். கார் நேராகக் கிணற்றடியில் போய் நின்றது.

அந்த அம்மாள் கிணற்றடியில் நின்றிருந்தார். ஒல்லியான, நெட்டையான உருவம். துவைத்து மடித்துப் பெட்டியில் வைத்திருந்த சுங்குடிச் சேலை, மடிப்புக்கூடக் கலையவில்லை. என்னைப் பார்த்ததும் கும்பிட்டார். பக்கத்தில் ஒரு குடம் தண்ணீரும் டம்ளர்களும்.

"தாயி, இது எங்க வீட்டுத் தண்ணி இல்ல. பள்ளிக்கூடத்து அடிபம்புல பிடிச்சது. எங்க வீட்டுது நீங்க குடிக்கக் கூடாதாமே, வக்கீலய்யா சொன்னாக. இது பொதுத் தண்ணி. தைரியமாக் குடிங்க" என்றார்.

குவாரிக்காரர் தரப்பில் ஒரு சூப்பர்வைசர் ஜீப்பில் வந்திருந்தார். அதற்குள் பிரியாணிப் பொட்டலங்களின் வாசனை. திண்டுக்கல்காரர்களுக்கு உபசாரம் என்றால் வேறு என்ன தெரியும். நான் அதை வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் பொதுத் தண்ணீரைக் குடித்தேன். கமிஷனர் எந்தத் தரப்பு வீட்டிலும் கை நனைக்கக் கூடாது என்பது எங்கள் வழக்கம். அதற்காகக் கால் மைல் நடந்து பள்ளிக்கூடத்துக் குழாயில் தண்ணீர் பிடித்து வைத்த ஒருவரை அதற்கு முன்னும் நான் பார்த்ததில்லை, அதற்குப் பின்னும் பார்க்கவில்லை.

நிலத்துக்குள் இறங்கினோம். பயிர் இருந்தது. பச்சைப் பசேலென்று வெங்காயத் தாள். அதை யாரும் மறுக்க முடியாது. முதல் கேள்விக்குப் பதில் ஆயிற்று. அடுத்தது கல். ஒரு பாத்தி பார்த்தேன், இரண்டு பார்த்தேன், கடைசி வரப்பு வரை போய்வந்தேன். ஒரு கல் இல்லை. குன்று பக்கத்திலேயே வாயைப் பிளந்துகொண்டு நிற்கிறது. கீழே நிலம் மாவு சலித்தமாதிரி இருக்கிறது.

"கமிஷனர் மேடம், நிலத்தில் கற்கள் எதுவும் காணப்படவில்லை. இதைக் குறித்துக்கொள்ளவும்" என்றார் குவாரித் தரப்பு வக்கீல். அவர் எப்போதும் புன்னகையோடுதான் பேசுவார். அதனாலேயே அவரைக் கண்டால் எனக்கு எரியும்.

வாதி வக்கீலுக்கு முகத்தில் ஈயாடவில்லை. "என்னம்மா இது? போன மாசம் நான் வந்தப்ப கல்லாக் கெடந்துச்சே, எங்கம்மா?" என்றார்.

அந்த அம்மாள் ரொம்ப சாதாரணமாகச் சொன்னார். "பெறக்கிட்டோம்ல. கோர்ட்ல இருந்து ஆபீசரம்மா கார்ல வாராகன்னு சொன்னீக. பாதை கெடந்த கெடப்புக்குக் காரு எப்படி வரும்? ஆறு பேரு மூணு நாளா நிலத்துல கெடந்த கல்லப் பூராம் பெறக்கிப் பாதையில போட்டு நெரவிட்டோம். வாரவுகளுக்கு நிலமும் பாக்க லெச்சணமா இருக்கணும்ல."

வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டு வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. வழக்கின் முக்கியமான சாட்சியத்தை அள்ளிக்கொண்டு போய் ரோடு போட்டு, அதன் மேலேயே என் காரை ஓட்டி வரச் செய்திருக்கிறார். சூப்பர்வைசர் சிரிப்பை அடக்க முடியாமல் ஜீப்புக்குப் பின்னால் போனார். வீட்டுக்கு விருந்தாள் வருகிறார் என்றால் வாசலைக் கூட்டுகிற மாதிரி நிலத்தைக் கூட்டி வைத்திருக்கிறார்கள். நாங்கள் எல்லாரும் சட்டம் படித்தவர்கள். இப்படி ஒன்று நடக்கும் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. அன்று பார்த்துக் குவாரியிலும் வேலை இல்லை, வெடியும் இல்லை.

சர்வேயர் சங்கிலியை எடுத்துக்கொண்டு கிணற்றிலிருந்து குன்றை நோக்கி அளக்கப் போனார். இரண்டு வக்கீல்களும் கூடப் போனார்கள். நானும் போயிருக்க வேண்டும். போகாமல் பாத்தி நடுவே நின்றேன். அந்த அம்மாளும் நின்றார். எனக்குப் பொறுக்கவில்லை. அந்தப் புன்னகை வக்கீல் நாளைக்குக் கோர்ட்டில் 'ஒரு கல்கூட இல்லை' என்று படிக்கப்போவதை நினைத்தால் நெஞ்சு எரிந்தது. இந்த அப்பாவி தோற்கப்போகிறார், அதை நானே என் கையால் எழுதப்போகிறேன். இப்போது சொல்லப்போவது யாரிடமும் சொல்லிக்கொள்ளும்படியான காரியம் அல்ல. ஆனால் செய்தேன்.

"அக்கா, அவங்க திரும்பி வர்றதுக்குள்ள பாதையிலேருந்து நாலு கல்லத் தூக்கி இந்தப் பாத்தியில போடச் சொல்லுங்க. நான் பாத்ததா எழுதிக்கிறேன்" என்றேன், குரலைத் தாழ்த்தி.

அவர் என்னை ஒரு நிமிடம் பார்த்தார். கோபம் இல்லை. பள்ளிக்கூடத்தில் கணக்கைத் தப்பாகப் போட்ட பிள்ளையைப் பார்க்கிற மாதிரி இருந்தது.

"வேணாம் தாயி. அவுக வெடி வச்சு விழுந்தா அது அவுக கல்லு. நான் தூக்கிப் போட்டா அது என் கல்லு. என் கல்லுக்கு நான் யாரு மேல கேசு போடுறது?"

 காது சுட்டது. அளக்கப் போனவர்கள் திரும்பி வந்தார்கள். நான் குனிந்து பாத்திகளைப் பார்க்கிற பாவனையில் முகத்தை மறைத்துக்கொண்டேன். பாவனையாகத்தான் பார்க்க ஆரம்பித்தேன். பார்த்தால் பாத்திக்குப் பாத்தி பள்ளங்கள் இருந்தன. சில உள்ளங்கை அளவு, சில முறத்தளவு. உள்ளே ஈரம். பள்ளத்துக்கு அடியில் நசுங்கி வெளுத்துப்போன வெங்காயத் தாள்.

அறிக்கையை இரண்டு நாள் உட்கார்ந்து எழுதினேன். பயிர் உள்ளது. கற்கள் காணப்படவில்லை. பாத்திகளில் பள்ளங்கள் காணப்பட்டன, காரணம் கமிஷனருக்குத் தெரியவில்லை. பாதையில் புதிதாகக் கருங்கல் நிரப்பப்பட்டுள்ளது, அவை நிலத்திலிருந்து எடுக்கப்பட்டவை என்று வாதி கூறினார். தூரம் இவ்வளவு. அவ்வளவுதான். ஒரு எழுத்து கூட்டவில்லை, குறைக்கவில்லை. அந்த அம்மாள் மட்டும் அன்று சரி என்று தலையாட்டியிருந்தால் நான் என்னென்ன எழுதியிருப்பேனோ.

நாலைந்து மாதம் கழித்து வழக்கு விசாரணைக்கு வந்தது. சொல்லப்போனால் எனக்கு அன்று அங்கே வேலை இல்லை. அந்த அம்மாள் கூண்டில் ஏறுகிறார் என்று கேள்விப்பட்டுப் பின் வரிசையில் போய் உட்கார்ந்திருந்தேன். அதே சுங்குடிச் சேலை. குறுக்கு விசாரணையில் குவாரி வக்கீல் புன்னகையோடு எழுந்தார்.

"பாதையில் போட்ட கல் எல்லாம் உங்க நிலத்துல கெடந்ததுன்னு சொல்றீங்க. யாராவது பாத்தாங்களா?"

"பெறக்குனவுக ஆறு பேரு பாத்தாக."

"குவாரியில உடைச்ச கல்லை நீங்களே ரோடு போடத் தூக்கிட்டு வந்தீங்கன்னு நான் சொல்றேன்."

"சொல்லிக்கங்க. ஆனா அது நெசமில்ல."

கோர்ட்டில் சிரிப்பு எழுந்தது. வக்கீலும் சிரித்தார். பிறகு காகிதத்தைப் புரட்டிக்கொண்டே, போகிற போக்கில் கேட்பவர் மாதிரி கேட்டார். "கமிஷனர் வந்த அன்னிக்கு, நாங்க எல்லாரும் தூரம் அளக்கப் போயிருந்தப்ப, நீங்களும் கமிஷனரம்மாவும் தனியா நின்னு பேசிக்கிட்டிருந்தீங்க. ஜீப்புக்குப் பின்னால நின்ன சூப்பர்வைசர் பாத்திருக்காரு. உண்டா இல்லையா?"

"உண்டு."

"என்ன பேசினீங்க?"

 அந்த வக்கீல் எதிர்பார்த்தது 'ஒண்ணும் பேசலை' என்ற பதிலை. அதை வைத்துக்கொண்டு, இருவரும் கூட்டு என்று பின்னால் ஒரு கோட்டை கட்டியிருப்பார். நான் எதிர்பார்த்ததும் அதே பதிலைத்தான். 'பயிரைப் பத்தி விசாரிச்சாக' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், என் தலை தப்பும். அந்த அம்மாள் கூட்டத்தில் என்னைத் தேடிக் கண்டுபிடித்தார். கண்ணை எடுக்காமல் பார்த்துவிட்டு முன்சீப் பக்கம் திரும்பினார்.

"நாலு கல்லத் தூக்கிப் பாத்தியில போடச் சொன்னாக. நான் மாட்டேன்னுட்டேன். அவுகளும் அத்தோட விட்டுட்டாக."

 டைப் அடித்துக்கொண்டிருந்தவர் கையை நிறுத்திவிட்டு அண்ணாந்து பார்த்தார். புன்னகை வக்கீலின் புன்னகைகூட அப்படியே நின்றுவிட்டது. தான் போட்ட தூண்டிலில் இவ்வளவு பெரிய மீன் விழும் என்று அவரே நினைக்கவில்லை.

முன்சீப் ஐயா என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். உண்மையா என்றார். உண்மை என்றேன். அதைச் சொல்வதற்காவது எனக்கு நாக்கு வந்ததே என்று பிற்பாடு நினைத்துக்கொண்டேன். அவர் கத்தவில்லை. "உன்னை ஒரு கண்ணாகத்தான் அனுப்பினேன், கையாக இல்லை" என்று மட்டும் சொன்னார். என் அறிக்கையைத் தள்ளிவிட்டு வேறு ஒரு மூத்த வக்கீலைக் கமிஷனராகப் போட்டார். அதற்குப் பிறகு பல வருடம் எனக்கு ஒரு கமிஷனும் வரவில்லை. பார் அசோசியேஷன் டீக்கடையில் நான் போனால், 'நாலு கல்லு வாராங்கப்பா' என்று யாராவது மெல்லச் சொல்வார்கள். இன்றைக்கும் அந்தப் பெயர் எங்கேயாவது ஒட்டிக்கொண்டுதான் இருக்கும்.

அன்று சாயங்காலம் கோர்ட் வாசலில் அந்த அம்மாள் பஸ்ஸுக்குப் போகாமல் எனக்காகக் காத்திருந்தார்.

"கோவமா தாயி?" என்றார்.

"நீங்க சொல்லாம இருந்திருக்கலாம்ல அக்கா? கேட்டதுக்கெல்லாம் பதில் சொல்லணுமா?"

"கேட்டாகளே. சாமி மேல சத்தியம் பண்ணிட்டுத்தான ஏறுனேன். ஒங்களுக்காவ ஒரு பொய்யச் சொல்லிட்டா, அதுக்கப்புறம் எனக்காவ நான் சொன்ன நெசத்த யாரு நம்புவா?"

நான் வண்டியை உதைத்துக் கிளப்பிக்கொண்டு போய்விட்டேன். அவர்மேல் எனக்கு வந்த கோபம் நியாயமில்லாத கோபம். அதனால்தான் அது ரொம்ப நாள் நீடித்தது.

புதிய கமிஷனர் போனார். அதற்குள் குவாரி சும்மா இருந்ததா என்ன. வழக்கு நடக்கிற தைரியத்தில், முதல் அறிக்கையில் கல் இல்லை என்று வந்த தைரியத்தில், நாலைந்து மாதமும் வெடித்துத் தள்ளியிருந்தார்கள். கல்லுக்கா பஞ்சம். இந்த முறை அந்த அம்மாள் ஒரு கல்லையும் தொடவில்லை. மழையில் பாதை திரும்பவும் நாறிப்போயிருந்தது. மூத்த வக்கீல் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு சேற்றில் நடந்தாராம். பாத்தியில் உட்கார்ந்திருந்த கற்களை ஒவ்வொன்றாகக் குறித்துக்கொண்டு, சிலவற்றில் மருந்து வைக்கத் துளை போட்ட தடம் பாதியாகப் பிளந்து அப்படியே தெரிவதையும் எழுதினார். வெடி வைத்த கல்லுக்குத்தான் அந்தத் தடம் இருக்கும்.

தீர்ப்பு வந்தபோது அதன் நகலை என் சீனியரின் மேஜையில் பார்த்தேன். யாரும் இல்லாத நேரம் பார்த்து எடுத்துப் படித்தேன். அந்தத் தூரத்துக்குள் வெடி வைக்கக் கூடாது, அடங்கலில் உள்ள 'தரிசு' பதிவு நம்பத்தக்கதல்ல என்று தீர்ப்பு. நடுவில் ஒரு பத்தி என்னை நிறுத்தியது. வாதி தன் வழக்குக்குச் சாதகமான பொருள்களைத் தானே அப்புறப்படுத்தியவர், தனக்குச் சாதகமாக இருந்த கமிஷனரின் செயலைத் தானே வெளியே சொன்னவர், இப்படிப்பட்ட சாட்சியின் மற்ற வார்த்தைகளைச் சந்தேகிக்க இந்த நீதிமன்றத்துக்குக் காரணம் எதுவும் தெரியவில்லை என்று முன்சீப் எழுதியிருந்தார். அதைப் படித்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்து அழுதேன். வெட்கமா சந்தோஷமா என்று கேட்டால் இரண்டும்தான். சட்டப் புத்தகங்களை அடுக்கி வைத்துக்கொண்டு நாங்கள் எல்லாரும் ஜெயிப்பதற்கு வழி தேடிக்கொண்டிருந்தோம். அவர் வாயைத் திறந்து கேட்டதற்குப் பதில் சொன்னார். அவ்வளவுதான் அவர் செய்தது. அந்த நாலு கல்லை மட்டும் அன்று நான் சொன்னபடி போட்டிருந்தால், சூப்பர்வைசர் ஜீப்புக்குப் பின்னாலிருந்து பார்த்திருப்பார். மூன்று ஏக்கரும் அன்றோடு போயிருக்கும். அவரைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு அவரை நான் குழியில் தள்ளப் பார்த்தேன். அவர் தப்பித்ததோடு, எழுதக் கூடாத ஒன்றை எழுதவிடாமல் என்னையும் நிறுத்திவிட்டார்.

குவாரித் தரப்பில் அப்பீல் போனார்கள். அங்கேயும் நிற்கவில்லை. குவாரி உரிமம் முடிந்ததும் யாரும் புதுப்பிக்கவில்லை. களை எடுக்கப் பெண்கள் திரும்ப வந்தார்கள் என்று அந்த ஊர்க்காரர் ஒருவர் சொல்லித் தெரிந்துகொண்டேன். போய்ப் பார்க்கவில்லை. எந்த முகத்தை வைத்துக்கொண்டு போவது.

இரண்டாயிரத்துக்குப் பிறகு நான் தனியாக ஆபீஸ் போட்டேன். ஜெராக்ஸ் கடைக்கு மேலே ஒரு மாடி அறை. கீழே மெஷின் ஓடினால் மேலே என் மேஜை அதிரும். கொஞ்சம் வழக்குகள் வந்துகொண்டிருந்தன. மதுரையில் ஹைகோர்ட் கிளை திறந்ததும் திண்டுக்கல்லில் இருந்து சில வக்கீல்கள் அங்கே மாறிப் போனார்கள். அந்த அம்மாளின் பழைய வக்கீலும் போய்விட்டார்.

ஒரு திங்கட்கிழமை காலையில் அந்த அம்மாள் படியேறி வந்து நின்றார். முடி முழுக்க நரைத்துவிட்டது. நெட்டை மட்டும் குறையவில்லை. உரச் சாக்கில் தைத்த பையிலிருந்து பழைய தீர்ப்பு நகலையும் ஒரு புது நோட்டீஸையும் எடுத்து மேஜையில் வைத்தார். அதே குன்றின் மறுபக்கத்தை உடைக்க வேறொருவர் மனு போட்டிருக்கிறார். ஆட்சேபம் உள்ளவர்கள் தெரிவிக்கலாம் என்று நோட்டீஸ். அந்த விவகாரம் இரண்டு வருடம் இழுத்து, உரிமம் கிடையாது என்று முடிந்தது. அந்த மூன்று ஏக்கரும் இப்போது அடங்கலில் வெங்காயம் என்றே இருக்கிறது. அதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். எனக்குச் சொல்ல வேண்டியது அந்தத் திங்கட்கிழமையைப் பற்றி.

"உட்காருங்கக்கா" என்றேன். அவர் உட்கார்ந்தார்.  பத்து வருடமாக வராத மன்னிப்பை எங்கேயிருந்து ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. கடைசியில் வேறு எதையோ கேட்டேன்.

"ஊர்ல இத்தனை வக்கீல் இருக்காங்க. என்கிட்ட எதுக்கக்கா வந்தீங்க? என்னைப் பத்தி உங்களுக்குத் தெரியாததா?"

"தெரியும்னுதான் வந்தேன்" என்றார். "மத்தவுகள எனக்குத் தெரியாதுல்ல. அம்புட்டு வக்கீலும் நல்லவுகதான்னு சொல்றாக, இருக்கும். நான் பாத்ததில்ல. ஒங்கள நான் பாத்திருக்கேன். தப்பா ஒண்ணச் சொன்னீக. வேணாம்னேன். அப்புறமும் கல்லு இருந்துச்சுன்னு எழுதிருக்கலாம்ல? எழுதல. கல்லு இல்லன்னுதான் எழுதுனீக. எங்க வக்கீலய்யா படிச்சுக் காட்டுனாரு."

சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சொன்னார்.

"எனக்குச் சொன்னாக் கேக்குற வக்கீலு வேணும் தாயி."

கீழே ஜெராக்ஸ் மெஷின் ஓட ஆரம்பித்து மேஜை அதிர்ந்தது. நான் வக்காலத்துப் படிவத்தை எடுத்து அவர் பக்கம் நகர்த்தினேன். அவர் கையெழுத்துப் போட்டு முடிக்கும்வரை அது அசையாமல் இருக்க இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தேன்.